டப்பிங்குக்கு முன்னால் பாக்கியை வாங்கிவிடு

கோடம்பாக்கத்துத் துணை நடிகர்களிடம் வழிவழியாக வரும் ஒரு பாடம் உண்டு. பேசிய சம்பளத்தில் பாக்கி இருந்தால், டப்பிங் தியேட்டருக்குள் கால் வைப்பதற்கு முன்னால் வாங்கிவிட வேண்டும். கடைசி வசனத்தைப் பேசிவிட்டு வெளியே வந்தால் உன் முகமும் அவர்களிடம், குரலும் அவர்களிடம். அதற்கப்புறம் மேனேஜர் போனை எடுக்க மாட்டார். எனக்கு இதைச் சொன்னவர், வில்லனுக்குப் பின்னால் அரிவாளோடு பல வருஷம் நின்ற ஒரு பெரியவர்.

நான் அதிகமும் நடித்தது சின்னப் படங்களில். அங்கே இந்தப் பாடம் பாதிதான் செல்லும். சுயாதீனப் படங்களில் பலவும் இப்போது லைவ் சவுண்டில் எடுக்கப்படுகின்றன. ஸ்பாட்டிலேயே சட்டைக்குள் மைக்கை ஒட்டி, குரலையும் சேர்த்து வாங்கிக்கொள்கிறார்கள். நடிப்புக்கு அது ரொம்ப நல்லது. ஆனால் நடிகன் கையில் இருந்த ஒரே பிடி போய்விட்டது. அதனால் பணம், பெயர், உரிமை எதுவானாலும் கேமரா ஓடுவதற்கு முன்னால் பேசிவிடுவது என்று வைத்துக்கொண்டிருக்கிறேன். பேசியதை அன்று இரவே ஒரு மெயிலில் எழுதி அனுப்பிவிடுவேன். ‘இன்று பேசியபடி’ என்று தொடங்கி நாலு வரி, அவ்வளவுதான். சிலர் பதில் போடுவார்கள், சிலர் போடமாட்டார்கள். பதில் போடாதவர்களைப் பற்றி அப்போதே கொஞ்சம் தெரிந்துவிடுகிறது.

பெரிய படங்களில் ஹீரோவின் மாமா, இன்ஸ்பெக்டருக்குப் பக்கத்தில் நிற்கும் ஏட்டு, பஞ்சாயத்தில் தலையாட்டும் ஆள். சின்னப் படங்களில் சில நேரம் கதையே என் தலையில் இருக்கும். நடுவில் சிறுகதைகள் எழுதுகிறேன், மற்றவர்கள் படத்துக்கு வசனம் எழுதுகிறேன். கல்யாண வீடுகளில் சொந்தக்காரர்கள் “சாப்பாட்டுக்கு என்ன பண்றே?” என்று கேட்பார்கள். பதிப்பகங்களுக்குப் பிழை திருத்துகிறேன் என்று சொன்னால் ஏதோ நிம்மதியாகி வேறு பேச்சுக்குப் போய்விடுவார்கள்.

சுயாதீனப் படத்தில் நடிப்பவனுக்குக் காத்திருப்பதுதான் பெரிய வேலை. ஷாட்டுக்குக் காத்திருப்பதைச் சொல்லவில்லை, படம் வெளியே வரக் காத்திருப்பதைச் சொல்கிறேன். செழியனின் ‘டு லெட்’ 2017-ல் கொல்கத்தா திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. தேசிய விருதும் வாங்கியது. தியேட்டருக்கு வந்தது 2019 பிப்ரவரியில். பி.எஸ். வினோத்ராஜின் ‘கூழாங்கல்’ 2021 தொடக்கத்தில் ராட்டர்டாம் விழாவில் டைகர் விருது வாங்கியது, ஆஸ்கர் போட்டிக்கு இந்தியாவின் சார்பாகவும் போனது. நம் ஆட்கள் வீட்டில் உட்கார்ந்து அதைப் பார்க்க 2023 அக்டோபர் ஆகிவிட்டது. மணிகண்டனின் ‘கடைசி விவசாயி’யில் மாயாண்டியாக நடித்த நல்லாண்டி, படம் வெளியாவதற்கு முன்பே காலமானார். 69-வது தேசிய விருதுகளில் சிறப்புக் குறிப்பு அவருக்குக் கிடைத்தபோது அவர் இல்லை.

இவை ஜெயித்த படங்கள். ஜெயிப்பதற்கோ தோற்பதற்கோகூட வாய்ப்பு வராமல் ஹார்ட் டிஸ்கில் தூங்கும் படங்கள் எத்தனையோ. அவற்றில் சிலவற்றில் நானும் இருக்கிறேன். அதனால் புதிதாக வருகிறவர்களிடம் முதலில் சொல்வது இதைத்தான்: அந்தப் படம் வந்தால் எல்லோரும் என்னைக் கூப்பிடுவார்கள் என்று கணக்குப் போடாதீர்கள். ஒப்பந்தம் பேசும்போதே, படம் இத்தனை மாதத்துக்குள் வராவிட்டால் என் காட்சிகளில் இரண்டு நிமிடத்தை ஷோரீலில், அதாவது நான் நடித்ததைத் தொகுத்துக் காட்டும் வீடியோவில், போட்டுக்கொள்வேன் என்று கேளுங்கள். பாஸ்வேர்ட் போட்ட லிங்காக, நடிகர்களைத் தேர்ந்தெடுக்கும் கேஸ்டிங் ஆட்களுக்கு மட்டும் அனுப்புவேன் என்றால் பெரும்பாலான இயக்குநர்கள் ஒத்துக்கொள்கிறார்கள். அவர்களும் அதே காத்திருப்பில்தானே இருக்கிறார்கள்.

எழுத்து எனக்குக் கைகொடுத்தது இந்த இடைவெளியில்தான். வேலை இல்லாத நடிகனுக்கு சாலிகிராமம் டீக்கடை ஒரு ஆபத்தான இடம். யாருக்கு எந்தக் கம்பெனியில் அட்வான்ஸ் வந்தது, யார் யாருக்கு வேண்டியவர் என்ற பேச்சிலேயே மதியம் ஆகிவிடும். எழுத ஒரு கதை பாதியில் கிடந்தால் கால் தானாக வீட்டுப் பக்கம் திரும்பும். அதைவிட முக்கியம், வேண்டாம் என்று சொல்லும் தெம்பு வந்தது. ஒரே மாதிரி ஏட்டு வேஷம் நாலாவது முறை வந்தபோது மறுக்க முடிந்ததற்குக் காரணம், அந்த மாசம் ஒரு ஒலிப்புத்தகம் வாசிக்கும் வேலையும் கொஞ்சம் வசன வேலையும் கையில் இருந்தன. நடிப்பும் எழுத்தும் தெரிந்தவனுக்கு ஒலிப்புத்தகம் நல்ல துணை வருமானம். குரல் பழக்கமும் விட்டுப்போகாது.

நடிப்பிலிருந்து எழுத்துக்கு என்ன வருகிறது என்று கேட்பவர்களுக்கு மேலூர்ப் பக்கம் ஒரு கிராமத்து ஷூட்டிங்கில் நடந்ததைச் சொல்வேன். நான் கடன் வசூலிக்க வந்தவன். வசனமும் நான் எழுதியதுதான். “போன மாசமும் இதைத்தான் சொன்னீங்க. நான் மேல பதில் சொல்லணும். அடுத்த தடவை தனியா வர மாட்டேன்.” எதிரில் நின்றது அந்த ஊர் அம்மா ஒருவர், கேமராவை அன்றுதான் பார்க்கிறார். பேச வேண்டாம், கேட்டுக்கொண்டு நின்றால் போதும் என்று இயக்குநர் சொல்லியிருந்தார்.

முதல் டேக். நான் முதல் வரியைச் சொன்னேன். அந்த அம்மா என்னைப் பார்க்கவே இல்லை. போய் வெயிலில் கிடந்த நார்க்கட்டிலை இழுத்து வேப்பமர நிழலில் போட்டார். முந்தானையால் ஒருமுறை துடைத்தார். பிறகு தள்ளி நின்றுகொண்டார். கடன்காரனுக்குக் கட்டில் போட்டாயிற்று, இனி அவன் பாடு. இரண்டாவது வரியைச் சொல்லிவிட்டேன். மூன்றாவது வாயில் வரவில்லை. அந்தக் கட்டிலைப் பார்த்த பிறகு தனியாக வர மாட்டேன் என்று எப்படி மிரட்டுவது? உட்கார்ந்துவிட்டேன். இயக்குநர் கட் சொல்லவில்லை. இரண்டாவது டேக்கில் கட்டில் ஏற்கெனவே நிழலில் இருந்தது. அதைப் பழைய இடத்தில் வைக்க யாருக்கும் தோன்றவில்லை. அந்த அம்மாவுக்குச் செய்ய ஒன்றும் இல்லாமல், ரேஷன் கார்டுக்குப் போட்டோ எடுப்பதுபோல் கையைத் தொங்கவிட்டு நின்றார். படத்தில் இருப்பது முதல் டேக். அவர் நடப்பார் என்று ஃபோகஸ் பார்க்கிற பையன் எதிர்பார்க்காததால் கொஞ்சம் ஃபோகஸ் விட்டிருக்கும். அப்படியே வைத்துவிட்டார்கள்.

இதிலிருந்து நடிகனுக்கு ஒன்று கிடைத்தது. நடித்துப் பழகாதவர்களோடு நிற்கும்போது முதல் டேக்கிலேயே முழுசாகத் தயாராக இருக்க வேண்டும். நாலாவது டேக்கில் சூடு பிடிக்கலாம் என்று சேர்த்துவைத்தால், அதற்குள் அவர்கள் களைத்துவிடுவார்கள். கன்டின்யூட்டியையும் நாம்தான் சுமக்க வேண்டும். எந்தக் கையில் பை இருந்தது, எந்த வரியில் உட்கார்ந்தேன் என்பதை அவர்கள் சார்பிலும் நினைவில் வைக்க வேண்டும். எழுதுகிறவனுக்குக் கிடைத்தது வேறு. இப்போதெல்லாம் ஒரு காட்சி எழுதினால், பேசாத ஆளுக்கு என்ன வேலை கொடுப்பது என்றுதான் முதலில் யோசிக்கிறேன். அது அமைந்துவிட்டால் பேசுகிறவரின் வசனத்தில் மூன்றில் ஒரு பங்கு தானாக உதிர்ந்துவிடுகிறது.

நாடகத்திலிருந்து வருகிறவர்களுக்கு இன்னொன்று. கேமராமேனிடம் “ஃப்ரேம் எதுவரைக்கும்?” என்று கேட்க வெட்கப்படாதீர்கள். இடுப்புவரை என்றால் கைக்கு வேலை உண்டு. கழுத்துவரை என்றால் கையை வைத்து நீங்கள் செய்யும் வித்தையெல்லாம் காற்றில் போகும், தோள் மட்டும் காரணமில்லாமல் ஆடும். கடைசி வரிசைக்குக் கேட்கப் பேசிப் பழகிய தொண்டையைச் சட்டைக்குள் இருக்கும் மைக்குக்குப் பழக்க எனக்கு நாள் பிடித்தது.

டப்பிங் உள்ள படங்களில் எழுதுகிறவனுக்கு ஒரு ரகசிய வாசல் இருக்கிறது. படம் எடுத்து முடித்து எடிட்டிங்கில் உட்காரும்போதுதான், இந்த இடத்தில் ஒரு தகவல் குறைகிறதே என்று தெரியும். அப்போது நடிகர் முதுகைக் காட்டும் ஷாட் எங்கே என்று தேடுவோம். முதுகு காட்டினால் என்ன வசனம் வேண்டுமானாலும் பேசவைக்கலாம். முகம் தெரிந்தால் பாடு. ப, ம இரண்டுக்கும் உதடு ஒட்டியே ஆக வேண்டும். திரையில் உதடு ஒட்டும் இடத்தில் ஒட்டும் எழுத்தும், ஒட்டாத இடத்தில் ஒட்டாத எழுத்தும் விழும்படி புது வரி எழுத வேண்டும். ‘அப்பா’ என்று பேசிய வாயில் ‘அம்மா’ சுலபமாக உட்காரும், ‘அண்ணன்’ உட்காராது. தியேட்டர் வாடகை மணிக்கணக்கில் ஓடிக்கொண்டிருக்க, சிவப்பு விளக்கு எரியும் அறையில் நின்றபடியே இப்படி வரி மாற்றித் தந்திருக்கிறேன். யாப்பு படித்தவர்களுக்கு இந்த வேலை கைவரும் என்று நினைக்கிறேன்.

அது சம்பளம் இல்லாத எழுத்து என்பதையும் சொல்லிவிடுகிறேன். எழுதத் தெரிந்த நடிகனுக்கு இது ஒரு தொந்தரவு. “தோழர், இந்த சீனைக் கொஞ்சம் பாத்துக் கொடுங்களேன்” என்று ராத்திரி பத்து மணிக்கு ஒரு பிரின்ட் அவுட் வரும். கொஞ்சம் என்பது சில நேரம் பத்து சீன். என்னை எப்படிக் கூப்பிடுகிறார்கள் என்பதை வைத்தே வரவைக் கணக்கிடலாம். ‘ப்ரோ’ என்றால் பஸ் காசு. ‘தோழர்’ என்றால் சாப்பாடு, தங்குமிடம், நல்ல பேச்சு. ‘சார்’ என்றால் ஏதோ ஒரு காகிதத்தில் கையெழுத்து இருக்கும். விளையாட்டாகச் சொல்கிறேன், என்றாலும் ரொம்பத் தவறியதில்லை.

ஒரு படத்தில் பாதிக்கு மேல் வசனத்தைத் திருத்தி எழுதிக்கொடுத்தேன். திரையில் ‘நன்றி’ பட்டியலில், கேட்டரிங்காரருக்கு அடுத்து என் பெயர். கேட்டரிங்காரர் மேல் வருத்தமில்லை, நன்றாகத்தான் போட்டார். இப்போது நான் செய்வது, என் வேஷத்தின் வசனத்தை என் வாய்க்கு ஏற்ப மாற்றிக்கொள்வது நடிகன் வேலை, அதற்குக் காசு கேட்பதில்லை. அடுத்தவர் பேசும் வரியைத் தொட்டால் அது எழுத்து வேலை. அதற்குத் தனி ஒப்பந்தம், தனிப் பணம். ‘கூடுதல் வசனம்’ என்று டைட்டிலில் பெயர். இந்தக் கோட்டைச் சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டால் யாரும் கோபித்துக்கொள்வதில்லை. ஒருசிலர் மறுபடி கூப்பிடுவதில்லை, அது வேறு.

சட்டத்தில் நமக்கு எவ்வளவு இடம் இருக்கிறது என்பது நிறையப் பேருக்குத் தெரியாது. 1957-ம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டப்படி, உரிமையை எழுதிக்கொடுப்பது என்றால் கையெழுத்துப் போட்ட காகிதத்தில்தான் செல்லும். எத்தனை வருஷத்துக்கு என்று அதில் குறிப்பிடாவிட்டால் 5 வருஷம்தான். எந்தெந்த நாட்டுக்கு என்று குறிப்பிடாவிட்டால் இந்தியாவுக்கு மட்டும்தான். 2012 திருத்தத்துக்குப் பிறகு, படத்தில் பயன்பட்ட எழுத்து தியேட்டருக்கு வெளியே வேறு வழிகளில் சம்பாதித்தால் அதில் எழுதியவருக்குப் பங்கு உண்டு, அதை விட்டுக்கொடுப்பதாக எழுதி வாங்கினாலும் செல்லாது. இதையெல்லாம் போய் வசூலிப்பது வேறு கதை. ஒரு சின்னப் படத்தின் தயாரிப்பாளரே வீட்டை அடகு வைத்திருப்பார், அவரிடம் எந்தப் பங்கைக் கேட்பது? இருந்தாலும் ‘எல்லா உரிமைகளும், எல்லா மொழிகளும், எல்லாக் காலத்துக்கும்’ என்று நீட்டப்படும் காகிதத்தில், நாவலாகவோ நாடகமாகவோ எழுதும் உரிமை என்னிடமே இருக்கும் என்று ஒரு வரி சேர்க்கச் சொல்லிக் கேட்கலாம். பெரும்பாலும் சேர்த்துவிடுவார்கள். அவர்களுக்கு அது பயன்படாது. நமக்கு அதுதான் அடுத்த புத்தகம்.

கதையைச் சொல்லப் போவதற்கு முன்னால் தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர்கள் சங்கத்தில் உறுப்பினராகிப் பதிந்து வைப்பது நல்லது. 2018 தீபாவளிக்கு வந்த ஒரு பெரிய படத்தின் கதை தன்னுடையது என்று ஒரு உதவி இயக்குநர் சொன்னபோது, பல வருஷத்துக்கு முன்னால் அங்கே பதிந்துவைத்த கதைதான் அவருக்குத் துணை நின்றது. விஷயம் உயர் நீதிமன்றம்வரை போய்ச் சமரசமாகி, படத்தில் அவர் பெயர் வந்தது. ஆனால் டீக்கடையில் வாய்வழியாகச் சொன்ன ஒரு வரிக் கதைக்கு எந்தக் காவலும் கிடையாது. ஒரு நாடக ஆசிரியர் தன் நாடகத்தைப் படமாக்கிவிட்டார்கள் என்று தொடுத்த வழக்கில், கருத்துக்குப் பதிப்புரிமை இல்லை, அதை எழுதிய விதத்துக்குத்தான் உண்டு என்று 1978-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதனால் யோசனையாக இருக்கும்வரை வாயை மூடிக்கொண்டு, காட்சி காட்சியாக எழுதிய பிறகு பேசுவது உத்தமம்.

பணத்தைப் பற்றி வெளிப்படையாகப் பேச நம் ஆட்கள் கூச்சப்படுகிறார்கள். நான் பார்த்தவரை, ஒரு விளம்பரப் படத்தின் ஒரு நாள் சம்பளம் ஒரு சுயாதீனப் படத்தின் மொத்த ஷெட்யூலை விட அதிகமாக வரலாம். அங்கே கேட்க வேண்டிய கேள்வி, இந்த விளம்பரத்தை எத்தனை மாதம், எங்கெங்கே ஓட்டுவீர்கள் என்பது. ஒரு வருஷம் டிவிக்கு என்று பேசினால் ஒரு தொகை, பஸ் ஸ்டாண்ட் பேனர் வரைக்கும் என்றால் வேறு தொகை. குறிப்பிட்ட காலத்துக்கு மேல் ஓட்டினால் மறுபடி பணம் தர வேண்டும் என்று எழுதி வாங்குங்கள். ஒரு சமையல் எண்ணெய்க்கு முகம் கொடுத்துவிட்டால் இன்னொரு சமையல் எண்ணெய் உங்களை எடுக்காது, அதற்கும் சேர்த்துத்தான் அந்தச் சம்பளம்.

வரி விஷயத்தில் நமக்கு ஒரு சௌகரியம். நடிகர், கதை எழுதுபவர், திரைக்கதை எழுதுபவர், வசனம் எழுதுபவர் எல்லோரும் வருமான வரிக் கணக்கில் ஃபிலிம் ஆர்ட்டிஸ்ட் என்ற ஒரே தலைப்பில் வருகிறார்கள். வருஷ வரவு 50 லட்சத்துக்குள் இருந்தால் அதில் பாதியை லாபமாகக் காட்டி, பெரிய கணக்குப் புத்தகம் இல்லாமல் முடித்துவிடலாம். 50 லட்சம் என்றதும் சிரிப்பு வருகிறதா, எனக்கும் வரும். சின்ன வருமானக்காரருக்கு முக்கியம் வேறு. கம்பெனிகள் சம்பளத்தில் 10 சதவீதத்தை டிடிஎஸ் என்று வரிக்காக முன்கூட்டியே பிடிப்பார்கள். நம் வருமானம் வரி கட்டும் அளவுக்கு இல்லை என்றால் ரிட்டர்ன் போட்டு அதைத் திரும்ப வாங்க வேண்டும். பிடித்ததை நம் பான் எண்ணில் உண்மையாகவே கட்டியிருக்கிறார்களா என்று வருமான வரித் தளத்தில் பார்த்துக்கொள்ளுங்கள். பிடித்துவிட்டுக் கட்டாதவர்களும் இருக்கிறார்கள்.

நடிப்பு, எழுத்து இரண்டையும் செய்தவர்கள் நமக்கு முன்னால் நிறையப் பேர். கூத்துப்பட்டறை நாடகக் குழுவை 1977-ல் தொடங்கிய ந. முத்துசாமி சிறுகதைக்காரர். மு. ராமசாமி தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் நாடகம் சொல்லிக்கொடுத்தவர், நாடகத்தைப் பற்றி எழுதியவர், ‘கே.டி. (எ) கருப்புதுரை’யில் படம் முழுக்கத் தாங்கினார். வேல ராமமூர்த்தி கதை எழுதி நிலைத்த பிறகு நடிக்க வந்தார். எனக்கு அதிகம் யோசனை கொடுத்தது இளங்கோ குமரவேலின் பாதை. மேஜிக் லேண்டர்ன் நாடகக் குழுவுக்காக 1999-ல் பொன்னியின் செல்வனை நாடகமாக எழுதினார். நடுவில் படங்களில் நடித்துக்கொண்டே இருந்தார். 2022-ல் அதே கதை படமாக வந்தபோது திரைக்கதையில் மணிரத்னத்தோடு அவர் பெயரும் இருந்தது. நாடகத்துக்காக உழைத்த உழைப்பு இருபது வருஷம் கழித்து வேறு வாசல் வழியாக உள்ளே வந்தது. யாரும் திட்டம் போட்டு இப்படி வாழ முடியாது. ஆனால் எழுதி முடித்த ஒன்று கையில் இருந்தால்தான் அந்த வாசல் திறக்கும்போது எடுத்துக்கொண்டு போக முடியும்.

நாடகப் பயிற்சிக்கு வரும் பிள்ளைகள் கடைசியில் கேட்பது ஒரே கேள்வி. “அண்ணே, வேலையை விட்டுட்டு வந்துரட்டுமா?” விட வேண்டாம், மாற்றிக்கொள் என்பேன். சின்னப் படங்களில் பணம் குறைவு என்பதால் ஷெட்யூலைப் பிரிக்காமல் ஒரே மூச்சில் எடுக்கப் பார்ப்பார்கள். மாசத்துக்கு நாலு நாள் லீவு தரும் ஆபீஸ் இதற்கு உதவாது. வருஷத்தில் ஒருமுறையோ இருமுறையோ மூன்று நாலு வாரம் சேர்ந்தாற்போல் விடுகிற வேலை, அல்லது எங்கிருந்தும் செய்யக்கூடிய வேலை வேண்டும். சப்டைட்டில் போடுவது, மொழிபெயர்ப்பு, டப்பிங் தொடர்களுக்கு வசனம், டியூஷன், எதுவும் சரி. கூடவே வாடகையும் சாப்பாடும் சேர்த்து ஆறு மாசத்துக்குக் கையில் வைத்துக்கொண்டு வா என்பேன். முகம் சுருங்கும். நான் சொல்வதை விட்டுவிட்டு, எல்லாவற்றையும் உதறிவிட்டு வந்து ஜெயித்த யாராவது ஒருவர் பெயரைச் சொல்வார்கள். சொல்லட்டும்.

பிழை திருத்தும் வேலையை நான் இன்னும் விடவில்லை. ஷூட்டிங் போகும்போது புரூஃப் கட்டும் பையில் வரும். மேக்கப் போட்ட கையால் திருத்தினால் பக்கமெல்லாம் பழுப்புக் கறை படிகிறது என்று பதிப்பகத்தில் சத்தம் போட்டார்கள். அதனால் இப்போது பி.டி.எஃப். ஆகத்தான் அனுப்பச் சொல்கிறேன்.